அந்த ஒன்றரை வரி

என்னை வேலையை விட்டு அனுப்பிய உத்தரவு மொத்தம் ஏழு வரி. அதில் ஐந்தரை வரி எல்லாருக்கும் எழுதுகிற வரி: பார்வையில் கண்ட கடிதம், ஒப்பந்தம், திட்டம், மாவட்டம். மீதி ஒன்றரை வரிதான் எனக்கென்று எழுதியது. "மேற்படி பணியாளரின் பணி திருப்திகரமாக இல்லாததாலும், மேலதிகாரிகளுக்குக் கீழ்ப்படியாத போக்கு உள்ளதாலும்" என்று போட்டு, 31.07.2018 பிற்பகல் முதல் விடுவிக்கப்படுவதாக முடித்திருந்தார்கள். அந்த ஒன்றரை வரியைப் படித்துத்தான் அன்றைக்கு அழுதேன். நான்கு வருடம் கழித்து சென்னை உயர் நீதிமன்றத்தில் வேலையைத் திருப்பி வாங்கிக் கொடுத்ததும் அதே ஒன்றரை வரிதான்.

கிருஷ்ணகிரி மாவட்டத்தில், மத்திய அரசு நிதியில் நடக்கும் ஒரு சுகாதாரத் திட்டத்தில் ஆய்வக நுட்புநராக 2009 ஜூனில் சேர்ந்தேன். அலுவலகத்தின் பெயர் வேண்டாம். இன்னும் அங்கேதான் வேலை பார்க்கிறேன்! அஞ்செட்டி, தளி, தேன்கனிக்கோட்டை பக்கத்திலிருந்து ஐஸ் பெட்டியில் வைத்து பஸ்ஸில் ரத்த மாதிரிகள் வரும். வந்ததும் பதிவேட்டில் தேதி, வரிசை எண், ஊர் எழுதி, சோதனை முடித்து, முடிவை எழுதிக் கையெழுத்துப் போட வேண்டும். முதல் சம்பளம் 6,500 ரூபாய், நீக்கியபோது 12,000.

ஒப்பந்தம் 11 மாதத்துக்கு. முடிந்ததும் ஒருநாள் "பிரேக்". மறுநாள் புது உத்தரவு. சேரும்போதே 20 ரூபாய் முத்திரைத்தாளில் "பணி நிரந்தரம் கோர மாட்டேன்" என்று எழுதி வாங்கிக்கொள்வார்கள். எனக்கு அது பெரிதாகத் தெரியவில்லை. என் தாய்மாமா மக்கள் நலப் பணியாளராக இருந்தவர். ஒரு ஆட்சியில் வேலை, அடுத்த ஆட்சியில் நீக்கம் என்று 1991, 2001, 2011 மூன்று முறையும் வீட்டுக்கு வந்தவர். 2011-ல் அவரோடு சேர்த்துத் தமிழ்நாடு முழுக்கப் பதின்மூவாயிரம் பேருக்கு மேல் போனார்கள். அந்த வழக்கு உச்ச நீதிமன்றத்தில் ஒரு முடிவுக்கு வர 2023 ஆனது. அப்படிப்பட்ட வீட்டில் வளர்ந்தவளுக்கு முத்திரைத்தாள் எல்லாம் ஒரு விஷயமா?

நீக்கத்துக்குக் காரணம் சின்னது. மாதாந்திர அறிக்கையில் செய்யாத சோதனைகளையும் செய்ததாக எண்ணிக்கை கூட்டி எழுதச் சொன்னார்கள். பதிவேட்டில் இருப்பதைத்தான் எழுதுவேன் என்றேன். இரண்டு மாதத்தில் உத்தரவு வந்தது. கையில் கொடுத்தது ஆகஸ்ட் 6, திங்கட்கிழமை. உத்தரவில் தேதி ஜூலை 31. அதாவது விடுவித்த பிறகும் நான்கு நாள் வேலை பார்த்திருக்கிறேன். மறுநாள் சாயங்காலம் கலைஞர் மறைந்த செய்தி வந்தது. கடையெல்லாம் அடைத்து, பஸ் நின்று, ஊரே அடங்கிப்போனது. யாரையும் போய்ப் பார்க்க முடியாமல் இரண்டு நாள் அந்தத் தாளையே திருப்பித் திருப்பிப் படித்துக்கொண்டிருந்தேன்.

அன்றைக்கு நான் செய்த ஒரே நல்ல காரியம், அலுவலகப் பிரதியில் கையெழுத்துப் போடும்போது "06.08.2018 காலை 11.20-க்குப் பெற்றேன்" என்று எழுதியது. பிரிவு எழுத்தர், "ஏம்மா, தேதி எல்லாம் எதுக்கு, கையெழுத்து மட்டும் போடு" என்றார். பதிவேட்டில் தேதி போட்டுப் போட்டுப் பழகிய கை, தானாக எழுதிவிட்டது. உத்தரவை முன்தேதியிட்டுப் பின்னால் கொடுத்தார்கள் என்பதற்கு அதைவிட நல்ல சாட்சி எனக்குக் கிடைக்கவில்லை.

அதற்குப் பிறகு ஆறு மாதம் நான் செய்தது எல்லாம் தப்பு. திங்கட்கிழமை ஆட்சியர் அலுவலகக் குறைதீர் கூட்டத்தில் நான்கு முறை மனு கொடுத்தேன். கிருஷ்ணகிரியில் ஒரு வக்கீலைப் பிடித்து அலுவலகத்துக்கு நோட்டீஸ் அனுப்பினேன். பதில் இல்லை. இங்கேயே முன்சீப் கோர்ட்டில் கேஸ் போட்டு இன்ஜங்க்ஷன் (தடையாணை) வாங்கலாம் என்றார் அவர். நல்லவேளை, கையில் பணம் இல்லாததால் அது நடக்கவில்லை. ஆள் வேலை செய்கிற ஒப்பந்தத்தை அமல்படுத்து என்று உரிமையியல் நீதிமன்றம் பொதுவாக உத்தரவு போடாது. 1963-ஆம் வருடக் குறித்தவகைத் தீர்வழிச் சட்டத்தின் 14-வது பிரிவிலேயே அதற்குத் தடை இருக்கிறது. போட்டிருந்தால் இன்னும் மூன்று வருடம் போயிருக்கும்.

எங்களோடு வேலை பார்த்த டிரைவர் அண்ணன் ஒருவர் வேறு வழியில் போனார். அவரை வாய் வார்த்தையாக "நாளையிலிருந்து வர வேண்டாம்" என்று நிறுத்தினார்கள். உத்தரவே இல்லை. உத்தரவு இல்லாவிட்டால் எதை எதிர்த்து ரிட், அதாவது அரசு உத்தரவை ரத்து செய்யச் சொல்லி உயர் நீதிமன்றத்தில் கேட்கும் மனு, போடுவது? அவர் ஒரு விவரமான ஆள். மறுநாளே "நான் வேலைக்கு வந்தேன், உள்ளே விடவில்லை" என்று ஒப்புகை அட்டையோடு பதிவுத் தபால் அனுப்பினார். வாட்ஸ்அப் குழுவிலிருந்து தன்னை நீக்கியதையும் படம் எடுத்து வைத்தார். தொழிலாளர் அலுவலரிடம் சமரசத்துக்கு மனு கொடுத்து, அது முடியாமல் 45 நாள் கடந்ததும் சேலம் தொழிலாளர் நீதிமன்றம் போனார். தொழிற்தகராறுகள் சட்டத்தில் அதற்கு வழி இருந்தது. ஒரு வருடத்தில் 240 நாள் வேலை பார்த்திருந்தால், ஒரு மாத நோட்டீஸும், வருடத்துக்கு 15 நாள் சம்பளக் கணக்கில் இழப்பீடும் கொடுக்காமல் ஆட்குறைப்பு செய்யக் கூடாது என்பது அவருடைய வாதம். அங்கே சாட்சி ஏறலாம், குறுக்கு விசாரணை செய்யலாம். உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு என்றால் தாள்தான் பேசும். சொன்னார், சொல்லவில்லை என்ற சண்டைக்குள் நீதிபதிகள் போக மாட்டார்கள். கையில் தாள் இல்லாதவருக்கு ரிட் சரிப்பட்டு வராது. 2025 நவம்பர் 21 முதல் அந்தப் பழைய சட்டத்தின் இடத்தில் தொழில் உறவுகள் தொகுப்புச் சட்டம் வந்திருக்கிறது. கெடுக்களும் மாறியிருக்கின்றன. ஆகவே டிரைவர் அண்ணன் சொன்ன நாள் கணக்கை அப்படியே எடுத்துக்கொள்ளாமல் இன்றைய கணக்கைக் கேட்டுக்கொள்ளுங்கள்.

நான் உயர் நீதிமன்றம் போனது 2019 பிப்ரவரியில். தர்மபுரி, கிருஷ்ணகிரி வழக்குகள் மதுரைக் கிளைக்கு வராது, சென்னைக்குத்தான் போக வேண்டும். கிருஷ்ணகிரியில் ரயில் கிடையாது என்பது வழக்கு போட்ட பிறகுதான் உறைக்கும். தர்மபுரிக்காரர்களாவது மொரப்பூர் போய் ரயில் ஏறலாம். நாங்கள் ராத்திரி பஸ்ஸில் உட்கார்ந்து, விடியற்காலையில் கோயம்பேட்டில் இறங்கி, அங்கேயே முகம் கழுவிக்கொண்டு பாரிமுனை போக வேண்டும்.

முதல் வக்கீல் மனுவில் எல்லாவற்றையும் சேர்த்துக் கேட்டார். நீக்க உத்தரவை ரத்து செய், பணி நிரந்தரம் செய், காலமுறை ஊதியம் கொடு, பழைய பாக்கியும் கொடு. கல்யாண வீட்டுப் பந்தி மாதிரி எல்லாம் இலையில் இருந்தது. முதல்நாளே, மனுவை விசாரணைக்கு எடுக்கலாமா என்று பார்க்கும் அட்மிஷன் கட்டத்திலேயே, "மனுதாரரின் கோரிக்கை மனுவை 12 வாரத்துக்குள் பரிசீலித்துத் தகுந்த உத்தரவு பிறப்பிக்க வேண்டும்" என்று உத்தரவாகி வழக்கு முடிந்தது. வக்கீல் வாழ்த்துச் சொன்னார். நான் பெங்களூர் ரோட்டில் ஒரு கடையில் கால் கிலோ மைசூர்பாகு வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போனேன். ஜெயித்துவிட்டேன் என்றுதான் நினைத்தேன்.

"பரிசீலிக்க" என்றால் பரிசீலிக்க என்று மட்டும்தான் அர்த்தம். கொடு என்று அர்த்தமில்லை. ஜூலையில் பதில் வந்தது: பரிசீலிக்கப்பட்டது, விதிகளில் இடமில்லை, நிராகரிக்கப்படுகிறது. மைசூர்பாகு சாப்பிட்ட எல்லாருக்கும் நான் திரும்பப் போய் விளக்க வேண்டியதாயிற்று.

இதில் இன்னொரு குழியும் இருக்கிறது. மனு மேல் மனு கொடுத்துக்கொண்டே இருந்தால் காலம் நமக்காக நிற்கும் என்று பலர் நம்புகிறார்கள். நிற்காது. தமிழ்நாட்டிலிருந்து போன ஜேக்கப் என்பவரின் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2008-லேயே இதைச் சொல்லிவிட்டது. செத்துப்போன கோரிக்கைக்கு, மனு கொடுத்து "பரிசீலிக்க" உத்தரவு வாங்கி, அதன்மேல் வரும் நிராகரிப்பைக் காட்டி உயிர் கொடுக்க முடியாது. ரிட்டுக்கு எழுதி வைத்த கெடு கிடையாதுதான். ஆனால் தாமதத்துக்குக் காரணம் கேட்பார்கள். எனக்கு ஆறு மாதம்தான் என்பதால் தப்பித்தேன்.

நிராகரிப்பு உத்தரவை எடுத்துக்கொண்டு போனபோதுதான் இரண்டாவது வக்கீல் கிடைத்தார். பாலக்கோடு பக்கத்துப் பையன், என்னைவிட ஏழெட்டு வயது இளையவர். ஒரு சீனியரிடம் ஜூனியராக இருந்து அப்போதுதான் தனியாக வந்திருந்தார். முதல் உத்தரவை வாங்கிப் படித்தவர், அந்த ஒன்றரை வரிக்கு வந்ததும் நிறுத்தினார்.

"அக்கா, இதுக்கு முன்னாடி மெமோ ஏதாவது கொடுத்தாங்களா?"

"இல்ல தம்பி."

"விளக்கம் கேட்டு ஒரு கடிதம்?"

"ஒண்ணுமே இல்ல. நேரா இதுதான்."

"அப்ப நிரந்தரத்தை மறந்துடுங்க. இந்த வரியை மட்டும் பிடிப்போம்."

எனக்குக் கோபம் வந்தது. ஒன்பது வருடம் உழைத்திருக்கிறேன், நிரந்தரம் கேட்காமல் வேறு எதைக் கேட்பது? அவர் பொறுமையாகச் சொன்னார். அதைக் கொஞ்சம் விரித்தே எழுதுகிறேன், இந்த இடம் எனக்குப் புரியவே ஒரு வருடம் ஆனது.

2006 ஏப்ரல் 10-ல் உமாதேவி வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு ஒரு தீர்ப்பு சொன்னது. கர்நாடக அரசின் தற்காலிகப் பணியாளர்கள் விவகாரம். அரசு வேலை என்பது எல்லாருக்கும் பொது. அரசியல் சாசனத்தின் 14, 16-வது பிரிவுகள்படி விளம்பரம், போட்டி, தேர்வு என்று நடக்க வேண்டும். பின்வாசல் வழியாக வந்தவரை, பல வருடம் இருந்தார் என்பதற்காக நிரந்தரமாக்கச் சொல்லி நீதிமன்றம் உத்தரவு போடக் கூடாது என்பது அதன் சாரம். ஒரே ஒரு சன்னல் வைத்தார்கள். ஒப்புதல் பெற்ற காலிப் பணியிடத்தில், தகுதி உள்ளவராக, நீதிமன்றத் தடையாணையின் தயவில் இல்லாமல் பத்து வருடம் முடித்தவர்களை ஒரே ஒரு முறை பரிசீலிக்கலாம். அதிலும் முறை தவறிய நியமனம் வேறு, சட்டத்துக்கே விரோதமான நியமனம் வேறு. முன்னதற்குத்தான் சன்னல். நான் சேர்ந்ததே 2009. அந்தச் சன்னல் எனக்குத் திறக்காது.

"நீங்க நிரந்தரம்னு ஒரு வார்த்தை எழுதினா, அவங்க பதில் மனுவுல, அதான் கவுண்டர்ல, உமாதேவின்னு ஒரு வார்த்தை எழுதுவாங்க. வழக்கு அத்தோட அங்க போயிடும். உங்களை எப்படி நீக்கினாங்கன்னு யாரும் பார்க்க மாட்டாங்க" என்றார் தம்பி.

இதைத்தான் நீதிப் புனராய்வு என்கிறார்கள். அரசியல் சாசனத்தின் 226-வது பிரிவில் ரிட் போட்டு உயர் நீதிமன்றம் போகும்போது, நம்மை நீக்கியது நியாயமா என்று நீதிமன்றம் நேராக எடை போடுவதில்லை. நீக்கிய விதம் சரியா என்று பார்க்கிறது. அதிகாரம் இருந்ததா, காரணம் சொன்னார்களா, சொன்ன காரணம் குற்றச்சாட்டு என்றால் விளக்கம் கேட்டார்களா. என் கஷ்டம், மாமியாரின் மருத்துவச் செலவு, பிள்ளையின் பள்ளிக் கட்டணம் எல்லாம் முதல் அஃபிடவிட்டில் (மனுவோடு கொடுக்கும் உறுதிமொழி வாக்குமூலத்தில்) மூன்று பக்கம் இருந்தது. இரண்டாவதில் அரை வரிகூட இல்லை. படித்துப் பார்த்தபோது யாரோ ஒருவருடைய கதை மாதிரி இருந்தது. ஆனால் அதுதான் வேலை செய்தது.

ஒப்பந்தப் பணியாளரை ஒப்பந்தக் காலம் முடிந்ததென்று அனுப்பினால் பெரும்பாலும் நீதிமன்றம் தலையிடாது. ஆனால் அவர்மேல் கறை பூசி அனுப்பினால் அது தண்டனை. தண்டனை என்றால் விசாரணை வேண்டும், குறைந்தது அவர் தரப்பைச் சொல்ல ஒரு வாய்ப்பாவது வேண்டும். என் அதிகாரி, என் நல்ல காலம், கோபக்காரர். பேசாமல் "ஒப்பந்தம் முடிவுற்றது" என்று எழுதியிருந்தால் நான் இன்றைக்குக் காவேரிப்பட்டணத்தில் தனியார் லேபில்தான் இருந்திருப்பேன்.

தம்பி கொடுத்த இன்னொரு வேலை, தகவல் உரிமைச் சட்ட மனு. பத்து ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டி, கேள்வியாகக் கேட்காமல் ஆவணமாகக் கேட்கச் சொன்னார். "ஏன் நீக்கினீர்கள்" என்று கேட்டால், அது தகவல் இல்லை என்று பதில் வரும். "இந்த எண்ணுள்ள கோப்பின் குறிப்புப் பக்கங்களின் நகல்" என்று கேட்டால் கொடுத்தாக வேண்டும். நான் கேட்டவை: 2009 விளம்பரத்தின் நகல், நேர்காணல் மதிப்பெண் பட்டியல், என் கோப்பு, என் இடத்துக்கு வந்தவரின் நியமன விவரம். கூடவே ஆய்வகப் பதிவேடுகளை நேரில் பார்வையிட அனுமதி. 30 நாளில் பதில் வரவில்லை. முதல் மேல்முறையீடு போட்டேன். அப்புறம்தான் ஒருநாள் குறித்துக் கூப்பிட்டார்கள்.

நான் வேலை பார்த்த அதே அறையில், பார்வையாளர் நாற்காலியில் உட்கார்ந்து என் கையெழுத்தை நானே பார்வையிட்டேன். தடித்த அட்டை, ஓரத்தில் ஸ்பிரிட் பட்டு மை கலைந்த பக்கங்கள். ஒவ்வொரு வருடமும் பிரேக் விட்ட தேதிகளை ஒரு சீட்டில் எழுதிக்கொண்டு போயிருந்தேன். வருகைப் பதிவேட்டில் அந்த நாட்களில் என் கட்டம் காலி. மாதிரிப் பதிவேட்டைத் திருப்பினால், அதே தேதியில் தளியிலிருந்து 14 மாதிரி, அஞ்செட்டியிலிருந்து 9, கடைசிக் கட்டத்தில் என் கையெழுத்து. அஞ்செட்டியில் பஸ் ஏற்றிவிட்ட ஐஸ் பெட்டிக்கு எனக்குப் பிரேக் என்பது தெரியுமா? வந்துவிட்டது, நான் போய்ச் செய்திருக்கிறேன். ஒன்பது பிரேக்கில் ஆறு நாள் அப்படி இருந்தது. விடுவித்த பிறகு பார்த்த அந்த நான்கு நாளும் இருந்தது. பக்கத்துக்கு இரண்டு ரூபாய் கட்டிச் சான்றிட்ட நகல் வாங்கினேன். நகலில் சான்றொப்பம் போட்டது என்னைத் தேதி எழுத வேண்டாம் என்ற அதே எழுத்தர்தான். இந்த முறை ஒன்றும் சொல்லவில்லை.

கோப்பில் இன்னொன்றும் கிடைத்தது. என்னை நீக்கிய இரண்டாம் வாரமே அவுட்சோர்ஸிங் மூலம் ஒருவரை எடுத்திருந்தார்கள். ஒரு தற்காலிகப் பணியாளரை நீக்கிவிட்டு இன்னொரு தற்காலிகப் பணியாளரை வைக்கக் கூடாது, முறையாகத் தேர்வானவரைத்தான் வைக்கலாம் என்று பியாரா சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் 1992-ல் சொன்னதை அத்தோடு இணைத்தோம்.

இரண்டாவது ரிட் 2019 செப்டம்பரில் போட்டோம். நீக்க உத்தரவு, நிராகரிப்பு உத்தரவு இரண்டையும் ரத்து செய்து மீண்டும் பணியில் சேர்க்க வேண்டும், அவ்வளவுதான் கோரிக்கை. நோட்டீஸ் போனது. அரசுத் தரப்பு, துறையிடம் விவரம் வாங்க டைம் கேட்டது. பிறகு கவுண்டர் போட டைம் கேட்டது. பிறகு கொரோனா வந்தது. அந்தக் காலத்தைப் பற்றிச் சொல்ல ஒன்றுமில்லை. காலையில் காஸ் லிஸ்ட்டில், அன்றைய வழக்குப் பட்டியலில், எண் 87 என்று இருக்கும், சாயங்காலம் 60-ல் கோர்ட் எழுந்துவிடும். ஈ-கோர்ட்ஸ் செயலியில் வழக்கின் நிலையை நாமே பார்த்துக்கொள்ளலாம் என்று தெரிந்த பிறகு ஒவ்வொரு முறையும் பஸ் ஏறுவதை நிறுத்தினேன். பெண் என்ற ஒரே தகுதியில், வருமான வரம்பு பார்க்காமல், சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் இலவச வக்கீல் கேட்டிருக்கலாம் என்பதும் அப்போதுதான் தெரிந்தது. 1987-ஆம் வருடச் சட்டத்தின் 12-வது பிரிவு. கிருஷ்ணகிரி நீதிமன்ற வளாகத்தில் அந்தப் போர்டைத் தாண்டித்தான் பலமுறை போயிருக்கிறேன். தெரிந்தபோது கம்மல் அடகுக் கடையில் இருந்தது.

கவுண்டர் வந்தபோது அதில் ஒரு புதுக் கதை. "திட்டத்துக்கான நிதி குறைக்கப்பட்டதால் பணியிடம் தேவையற்றதாகிவிட்டது." எனக்குக் கை நடுங்கியது. நிதி இல்லையென்றால் நாம் என்ன செய்ய முடியும்? தம்பியோ சிரித்தார். "அக்கா, இது உத்தரவுல இருக்கா?" இல்லை. ஒரு உத்தரவு, அது போடப்பட்டபோது சொன்ன காரணத்தில்தான் நிற்க வேண்டும். பிறகு அஃபிடவிட்டில் புதுக் காரணம் சேர்த்து அதற்கு முட்டுக் கொடுக்க முடியாது. மொகிந்தர் சிங் கில் வழக்கில் 1977-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது, தேர்தல் ஆணையத்துக்கு எதிரான வழக்கு. எங்கேயோ ஒரு தேர்தல் தகராறு, கிருஷ்ணகிரி லேப்காரிக்கு உதவிற்று! அவர்கள் நிதி என்று சொன்னதற்கு எங்கள் பதிலில் அவுட்சோர்ஸிங் ஆளின் நியமனத் தேதியை மட்டும் எழுதினோம்.

இறுதி விசாரணை 2022 நவம்பரில். நான் நேரில் போயிருந்தேன். நான்கு வருடத்துக்கான விசாரணை பத்து நிமிடம்கூட நடக்கவில்லை. அரசு வக்கீல் ஒப்பந்தத்தின் ஷரத்தையும் முத்திரைத்தாளையும் வாசித்தார். நீதிபதி உத்தரவைக் கையில் எடுத்து, அந்த வரியைத் தமிழிலேயே படித்தார். "கீழ்ப்படியவில்லை என்று எதை வைத்துச் சொல்கிறீர்கள்? மெமோ ஏதாவது உண்டா?" ஒப்பந்தப் பணியாளர் என்பதால் மெமோ தேவையில்லை என்றார் அரசு வக்கீல். "அப்படியானால் இந்த வரியும் தேவையில்லையே" என்றார் நீதிபதி. எனக்கு மூச்சே நின்றுவிட்டது. அந்த வரி என்னைப் பற்றியது, அதைப் பற்றி ஒருவர் கேள்வி கேட்க நான்கு வருடம் ஆகியிருக்கிறது.

உத்தரவுகள் இரண்டும் ரத்து. பழைய நிபந்தனைகளின் படியே எட்டு வாரத்துக்குள் பணியில் சேர்க்க வேண்டும். இடைப்பட்ட காலத்தைப் பணித்தொடர்ச்சியாகக் கொள்ளலாம், ஆனால் அந்தக் காலத்துக்குச் சம்பளம் கிடையாது. தனியார் லேபில் வேலை பார்த்ததை அஃபிடவிட்டில் மறைக்காமல் எழுதியிருந்தேன். மறைத்திருக்கலாமே என்று வீட்டில் இன்றைக்கும் சொல்வார்கள். பி.எஃப். கணக்கில் அந்த மாதங்கள் எல்லாம் வரிசையாக நிற்கின்றன. மறைத்து, அது வெளியே வந்தால் வேலையும் சேர்ந்து போயிருக்கும்.

எட்டு வாரம் போனது, எட்டு மாதமும் போனது. மேல்முறையீடு செய்யப்போகிறோம் என்றார்கள். மேல்முறையீடு செய்யப்போவதாகச் சொல்வதும், செய்வதும்கூட, தடையாணை ஆகாது. அவமதிப்பு மனுவுக்கு ஒரு வருடம்தான் கெடு, 1971-ஆம் வருட நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் 20-வது பிரிவு. அந்த நாளை நாள்காட்டியில் சிவப்பு மையால் வட்டம் போட்டு வைத்திருந்தேன். 2023 ஆகஸ்டில் கண்டெம்ப்ட் போட்டோம். நோட்டீஸ் போன மூன்றாவது வாரம் எழுத்தரே போன் செய்து, "எப்பம்மா வந்து ஜாயின் பண்றீங்க?" என்றார். ஐந்து வருடத்தில் முதல் "ங்க".

என்னோடு இருந்த கணினி இயக்குநர் பெண் ஒருத்தி ஆறு வருடம் வேலை பார்த்தவள். அவளுக்கு வந்த உத்தரவில் "ஒப்பந்தக் காலம் முடிவுற்றதால் விடுவிக்கப்படுகிறார்" என்று மட்டும் இருந்தது. நான் ஜெயித்ததைப் பார்த்து அவளும் ரிட் போட்டாள். தள்ளுபடி. வேலையில் என்னைவிடக் கெட்டிக்காரி. அவள் இடத்துக்கு யாரையும் எடுக்கவில்லை, வேலையை மற்ற இருவருக்குப் பிரித்துக் கொடுத்துவிட்டார்கள். அதனால் பியாரா சிங்கும் உதவவில்லை. என் தீர்ப்புக்குப் பிறகு எங்கள் அலுவலகத்தில் யாரையும் திட்டி அனுப்புவதில்லை. மரியாதையாக அனுப்புகிறார்கள். இதைச் சொல்லாமல் என் வெற்றியை மட்டும் சொன்னால் அது பாதிப் பொய்.

2024 டிசம்பர் 20-ல் ஜக்கோ வழக்கின் தீர்ப்பு வந்தபோது தம்பி எனக்கு அனுப்பினார். மத்திய நீர் ஆணையத்தில் துப்புரவும் தோட்ட வேலையும் பல ஆண்டு பார்த்தவர்கள் போட்ட வழக்கு. நிரந்தரத் தன்மையுள்ள வேலையைப் பல வருடம் வாங்கிக்கொண்டு, தற்காலிகம் என்று பெயர் வைத்து, உமாதேவி தீர்ப்பைக் கேடயமாகப் பிடிக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் சொல்லி, அவர்களை நிரந்தரமாக்கச் சொன்னது. 2025 ஆகஸ்டில் தரம் சிங் வழக்கிலும் அதே குரல். அரசு சாதாரண முதலாளி அல்ல, நிதி இல்லை என்பது எல்லாவற்றுக்கும் பதிலாகாது என்றது. இரண்டாவது ரிட்டில் நான் நிரந்தரம் கேட்கவில்லை. அதனால் அதை யாரும் மறுக்கவும் இல்லை. கேட்டுத் தோற்றிருந்தால் அந்தக் கதவைத் திரும்பத் தட்டுவது கஷ்டம் என்கிறார் தம்பி. உடனே ஓட வேண்டாம், திட்டப் பணியிடமா ஒப்புதல் பெற்ற பணியிடமா என்பதற்கு முதலில் தாள் சேர்ப்போம் என்றும் சொல்கிறார். சேர்த்துக்கொண்டிருக்கிறேன்.

எங்களைப் போன்றவர்கள் இப்போது என்னிடம் உத்தரவோடு வருகிறார்கள். ஊத்தங்கரை, அரூர் என்று தூரத்திலிருந்தும் போன் வரும். கதையைக் கடைசியில் கேட்கிறேன் என்பேன். உத்தரவு என்ன தேதி, கைக்கு எப்போது வந்தது, உறையைத் தூக்கி எறிந்துவிட்டீர்களா, உங்கள் இடத்தில் இப்போது யார் உட்கார்ந்திருக்கிறார். முக்கால்வாசிப் பேர் உறையை எறிந்திருப்பார்கள்.

போன மாதம் எனக்குப் புது ஒப்பந்தம். கையெழுத்துப் போடும் முன் ஒவ்வொரு பக்கத்தையும் போனில் படம் எடுத்தேன். எழுத்தர் பார்த்துக்கொண்டிருந்தார், எதுவும் கேட்கவில்லை. அதற்கு முந்தின நாள் பிரேக். வீட்டில்தான் இருந்தேன். பதினொரு மணிக்கு டிரைவர் போன் செய்தார், அஞ்செட்டி பெட்டி வந்துவிட்டது, ஐஸ் கரைந்துகொண்டிருக்கிறது என்று. போனேன். பதினொரு மாதிரி. சோதனை முடித்து, பதிவேட்டில் தேதி எழுதி, கடைசிக் கட்டத்தில் கையெழுத்தை வழக்கத்தைவிடக் கொஞ்சம் பெரிதாகப் போட்டேன்.